செஞ்சி நாட்டில் அறம் மீட்ட வீரசேனாசாரியர்

தமிழ்ச் சமணர் வாழும் ஊர்களில் வழிவழியாகச் சொல்லப்பட்டுவரும் வரலாறுகளுள் வீரசேனாசாரியர் வரலாறு தலையாயது. பாண்டிய நாட்டில் சமணம் எவ்வாறு தேய்ந்தது என்று கேட்போர்க்கு விடை சொல்லும் நூல்கள் பல உள. நடுநாட்டிலும் தொண்டை நாட்டிலும் அஃது எவ்வாறு தேயாமல் எஞ்சியது என்று கேட்போர்க்கு விடையாக நிற்பது இப்பெரியாரின் வாழ்க்கையே. அவர் அரச குலத்தில் தோன்றியவர் அல்லர்; வாதில் வென்று புகழ் நாட்டியவரும் அல்லர். சிற்றூர் ஒன்றில் வாழ்ந்த சிராவகர், ஒரு நாள் கிணற்றில் தம் சமய நியமத்தைச் செய்துகொண்டிருந்தபோது அரசன் ஆட்களிடம் அகப்பட்டார், உயிர் தப்பினார். தப்பிய உயிரை அவர் என் செய்தார் என்பதே அவர் வரலாறு.

இவ்வரலாறு செவிவழியாக வந்தது. 1906ஆம் ஆண்டில் வெளிவந்த தென்னார்க்காடு மாவட்ட கெசட்டியர் இதனை எழுத்தில் பதிந்து வைத்தது. மரபு இதற்குக் கூறும் ஆண்டு கி.பி. 1478.

அவருடைய ஊர் வேலூர். பாலாற்றங்கரையில் கோட்டையோடு விளங்கும் வேலூர் அன்று. திண்டிவனத்தை அடுத்த சிற்றூராகிய வேலூர். நம் மாவட்டத்தில் வளரும் பிள்ளைகள் இவ்விரண்டையும் ஒன்றெனக் கொள்வதுண்டு. ஊர் வேறாயினும் இப்பாலாற்றுப் பகுதிக்கு அவ்வரலாற்றில் பங்கில்லை என்று சொல்லிவிட முடியாது. காட்பாடிக்கு வடக்கே வள்ளிமலையில் கங்க மன்னன் இராசமல்லன் அமைத்த குகைப்பள்ளி இன்றும் நிற்கிறது. ஆற்காட்டை அடுத்த திருப்பான்மலையில், இன்று பஞ்சபாண்டவர் மலை எனப்படும் குன்றில், நந்திவர்ம பல்லவன் காலத்தில் பொன்னியக்கியார் திருவுருவம் செதுக்கப்பட்டது. அதற்கு அண்மையில் உள்ள விளாப்பாக்கத்தில் முதலாம் பராந்தக சோழனின் 38ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்றுண்டு. திருப்பான்மலை அரிட்டநேமி பட்டாரரின் மாணாக்கியாகிய பட்டினிக் குரத்தியடிகள் அங்கே ஒரு கிணறு எடுப்பித்ததை அது கூறுகிறது. சமணப் பெண்துறவி ஒருவர் ஊரறியக் கிணறு தோண்டுவித்து, அதனைக் கல்லிலும் பொறிக்கச் செய்ய இயன்ற காலம் அது. ஏறத்தாழ ஐந்து நூற்றாண்டுகள் கழித்துச் செஞ்சி நாட்டில் ஒரு சமணர் கிணற்றில் இறங்கித் தம் நியமத்தை மறைவாகச் செய்ய நேர்ந்தது. இவ்விரு கிணறுகளுக்கும் இடையே நாட்டில் என்ன மாறிற்று என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

மாறியது சமணர் அல்லர்; சமணரைப் பிறர் பார்த்த பார்வை. பக்தி இயக்கம் பரவிய ஏழாம் நூற்றாண்டு முதலே சமண முனிவர் குளியாதவர், மயிர் பறிப்பவர், நின்று உண்பவர் என்று எள்ளப்பட்டனர். துறவின் கடுமை அருவருப்பாகக் காட்டப்பட்டது. மதுரையில் எண்ணாயிரம் சமணர் கழுவேறினர் என்னும் கதை காவியத்தில் இடம்பெற்றது, கோயில் சுவர்களில் ஓவியமாயிற்று, திருவிழாவாகவும் ஆயிற்று. அக்கதை நிகழ்ந்ததா இல்லையா என்னும் வாதம் ஒருபுறம் இருக்கட்டும். அதனை மகிழ்ந்து கேட்கப் பழகிய செவிகளுக்கு அண்டை வீட்டுச் சமணன் வேற்றான் ஆகிவிடுகிறான் என்பதில் ஐயமில்லை. நிலத்தை உழுது, வரி செலுத்தி, அதே தமிழைப் பேசி, அதே சந்தையில் நெல் விற்று வாழ்ந்தாலும் அவன் வேற்றானே. அமைதியான காலத்தில் இப்பார்வையால் பெருந்தீங்கு நேர்வதில்லை. அரசனுக்குச் சினம் மூளும் நாளில் அதுவே வாளாகிறது.

அந்நாளில் செஞ்சியை ஆண்டவன் வேங்கடம்பேட்டை வேங்கடபதி என்று மரபு கூறும். குலத்தால் தாழ்ந்தவன் என்று உயர்ந்தோர் எனப்பட்டவர்களால் கருதப்பட்டவன் அவன். அந்தணர் குலத்தில் பெண் வேண்டினான். சமணர் கொடுத்தால் நாங்களும் கொடுப்போம் என்று அவர்கள் விடை கூறித் தப்பினர். எண்ணிக்கையில் சிறுத்த சமூகத்தை முன்னே தள்ளிவிட்டுத் தாம் ஒதுங்கிக்கொள்ளும் இவ்வுத்தி உலகெங்கும் உள்ளதே. அரசன் சமணரிடம் பெண் கேட்டான். மறுத்தால் அழிவு, கொடுத்தால் குலத்துக்கு இழுக்கு என்று அவர்கள் எண்ணினர். ஆகவே இசைந்ததுபோல் காட்டி, தலைவர் ஒருவர் மகளைத் தருவதாகச் சொல்லி அனுப்பினர். குறித்த நாளில் அரசன் மணக்கோலத்துடன் பரிவாரம் சூழ வந்தான். வீடு வெறிச்சோடிக் கிடந்தது. திண்ணைத் தூணில் ஒரு பெண் நாய் கட்டப்பட்டிருந்தது.

இவ்விடத்தில் நம் முன்னோர் செய்ததை மறைக்கவோ பூசி மெழுகவோ தேவையில்லை. மகளைக் கொடுக்க மறுப்பது அவர்கள் உரிமை. வீட்டை விட்டு ஓடியது அச்சத்தின் செயல். தூணில் நாயைக் கட்டியது மட்டும் வேறு வகை. எவ்வுயிரையும் இகழாமை கூறும் அறநெறியினர், ஒரு மனிதனின் பிறப்பை இகழ்வதற்கு நாயைக் கருவியாக்கினர். பிறர் கண்ணில் இழிவுபட்டவர்கள் தாமும் இன்னொருவரை அதே கண்ணால் பார்த்தனர். கதையைச் சொல்வோருட் பலர் இவ்விடத்தில் சிரித்துக் கடந்துவிடுவர். அந்தச் சிரிப்புக்குச் செஞ்சி நாட்டுச் சமணர் கொடுத்த விலை அளவிறந்தது. சமணர் அனைவரையும் தலை கொய்க என்று அரசன் ஆணையிட்டான். தூணில் நாயைக் கட்டியவர் சிலரே ஆதல் வேண்டும். தண்டனை சமூகம் முழுமைக்கும் வந்தது. சிறுபான்மையினனுக்குத் தனிமனிதக் குற்றம் என்று ஒன்றில்லை. ஒருவன் செய்தது எல்லோர் கணக்கிலும் எழுதப்படும்.

பலர் வெட்டுண்டனர். பலர் ஓடினர். சிலர் மறைவாகத் தம் நியமங்களைச் செய்துவந்தனர். எஞ்சியோர் பூணூலைக் களைந்து, நெற்றியில் நீறு பூசிச் சைவராயினர்.

மேலைக் கடலுக்கு அப்பால் இதே ஆண்டில் நிகழ்ந்தது ஒன்றை இங்கே நினைவுகூர்தல் பொருந்தும். 1478 நவம்பரில் போப்பாண்டவர் நான்காம் சிக்ஸ்டஸ், ஸ்பெயின் நாட்டில் சமய விசாரணை மன்றம் அமைக்க இசைவளித்தார். அந்நாட்டு யூதர் பலர் அதற்கு முன்பே அச்சத்தால் கிறித்தவராகியிருந்தனர். அவர்கள் உண்மையில் மாறினரா, வீட்டுக்குள் பழைய நெறியையே போற்றுகின்றனரா என்று ஆராய்வதே மன்றத்தின் பணி. எதைக் கொண்டு அறிந்தனர்? வெள்ளிக்கிழமை மாலையில் விளக்கேற்றித் தூய துணி விரித்தனரா, சனிக்கிழமை அடுப்புப் புகையாது இருந்ததா, பன்றியிறைச்சியை விலக்கினரா. அண்டை அயலார் இவற்றைக் கண்டு சொல்ல வேண்டும் என்று ஆணை பிறந்தது. ஒரு குடும்பத்தின் சமையலறைப் பழக்கம் மரண தண்டனைக்குச் சான்றாயிற்று.

யூதரை ஐரோப்பியர் எவ்வாறு பார்த்தனர் என்பதற்கு இன்னும் சில செய்திகள் போதும். 1348ஆம் ஆண்டில் கொள்ளைநோய் பரவியபோது யூதர் கிணறுகளில் நஞ்சிட்டனர் என்று பழி சுமத்தி ஊர் ஊராக அவர்களைக் கொன்றனர். 1475இல் திரெந்து நகரில் ஒரு குழந்தை இறந்ததற்கு யூதரே காரணம் என்று கூறிப் பலரைக் கொன்றனர். நிலம் வைத்துக்கொள்ளவும் கைத்தொழிற் குழாங்களில் சேரவும் பல நாடுகளில் அவர்களைத் தடுத்தனர், வட்டித்தொழிலில் ஒதுக்கினர், பின்னர் வட்டிக்காரர் என்று வெறுத்தனர். மதம் மாறினாலும் விடவில்லை. தொலேடோ நகரில் 1449இல் மதம் மாறிய யூதரின் வழிவந்தோர் பதவி வகிக்கக் கூடாதென விதி செய்தனர். குருதியே மாசுடையது என்பது அவர்கள் வாதம். 1492இல் மாறாத யூதர் அனைவரும் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்டனர். 1516இல் வெனிசு நகரம் தன் யூதரை இரவில் கதவடைக்கும் தனிப் பகுதிக்குள் குடியேற்றிற்று.

அவ்வாறு சிதறுண்டவர் மரபில் வந்தோர் சிலர் நம் கடற்கரைக்கும் வந்தனர். பவளம் கொணர்ந்து வைரம் வாங்கிச் சென்ற போர்த்துகீசிய யூத வணிகர் சென்னைப்பட்டினத்தில் குடியிருந்தனர். 1688இல் சென்னை மாநகராட்சி தொடங்கியபோது ஆல்டர்மென் பன்னிருவருள் மூவர் யூதர். ஐரோப்பாவின் பல நகரங்களில் யூதர்க்கு எட்டாதிருந்த இருக்கை அது. ஆங்கிலேயர்க்கு அவர்தம் வணிகம் தேவைப்பட்டது. ஆகவே இடம் கிடைத்தது. தேவையால் வரும் மதிப்பும் ஒருவகை மதிப்பே, அதன் ஆயுள் குறுகியதாயினும்.

செஞ்சிக்கும் ஸ்பெயினுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. ஸ்பெயினில் சினத்துக்கு அலுவலகம் அமைத்தனர், எழுத்தர் இருந்தனர், ஏடுகள் இருந்தன, அம்மன்றம் 1834 வரையில் நீடித்தது. செஞ்சியில் சினம் ஒரு மனிதனுடையது. ஆகவே அது தணியவும் கூடும். வீரசேனாசாரியர் உயிர் பிழைத்தது இதனாலேயே.

மறைவாக நெறி காத்தவருள் ஒருவர் அவர். வேலூரில் ஒரு கிணற்றில் சமணர்க்கே உரிய நியமத்தை அவர் செய்துகொண்டிருந்ததை அரசன் ஆட்கள் கண்டனர். நீரை வடித்துப் பொழுது சாயுமுன் உண்ண முற்பட்டபோது கண்டனர் என்று சொல்வாரும் உளர். எதுவாயினும், அவரைக் காட்டிக்கொடுத்தது கொடியோ முழக்கமோ அன்று. அன்றாடம் செய்யும் ஒரு சிறு செயல். நீற்றைப் பூசிக்கொள்வது எளிது. நீரில் உள்ள நுண்ணுயிர்க்கும் இரங்கி அதனைத் துணியில் வடிக்கப் பழகிய கை, வடியாத நீரை எடுக்க மறுக்கும். வெள்ளிக்கிழமை விளக்கை ஏற்றாமல் இருக்க இயலாத ஸ்பெயின் நாட்டுப் பெண்ணுக்கும் வேலூர்க் கிணற்றடியில் நின்ற இவர்க்கும் மொழியாலோ கடவுட்கொள்கையாலோ யாதொரு தொடர்பும் இல்லை. ஆயினும் இருவரையும் பிடித்தவர் பார்த்தது ஒன்றையே: பிறர் செய்யாததை இவர் செய்கிறார்.

அவரை அரசன் முன் நிறுத்தினர். அன்று அரசனுக்கு மகப்பேறு வாய்த்திருந்தது. மகிழ்ச்சியில் இருந்தவன் விடுதலை செய்தான். இதனை அற்புதமாக யாரும் பாடி வைக்கவில்லை என்பது குறிப்பிடத்தக்கது. தேவர் இறங்கி வந்ததாகவோ வாள் மலர்மாலை ஆனதாகவோ மரபு கூறவில்லை. ஒரு குழந்தை பிறந்தது. ஒரு மனிதர் பிழைத்தார். இவ்வெளிமையே இவ்வரலாற்றின் மேல் நம்பிக்கையைத் தருகிறது.

விடுபட்டவர் வீடு திரும்பி அடங்கி வாழ்ந்திருக்கலாம். நீறு பூசியும் வாழ்ந்திருக்கலாம். யாரும் குறை கூறியிரார். ஆனால் சாவின் விளிம்பைக் கண்டு மீண்டவர்க்கு இல்வாழ்க்கை பொருளற்றதாகத் தோன்றிற்று. துறவு பூண முடிவு செய்தார். கன்னட நாட்டுச் சிரவணபெளகுளாவுக்குச் சென்றார். பத்தாம் நூற்றாண்டில் சாமுண்டராயர் எழுப்பிய பாகுபலி பெருமானின் திருவுருவம் நிற்கும் அத்தலத்தில் ஆகமங்களைக் கற்றார். செஞ்சி நாட்டில் ஏடுகளைப் பேணுவோரும் ஓதுவிப்போரும் சிதறியிருந்த வேளையில், கற்றுத் திரும்பக்கூடிய ஒருவர் உருவானது அங்கேதான்.

திரும்பி வரச் செய்தவர் மற்றொருவர். தாயனூர் கங்கையா உடையார் செஞ்சி நாட்டை விட்டு ஓடியவர்களுள் ஒருவர். உடையார்பாளையத்துப் பாளையக்காரரிடம் அடைக்கலம் புகுந்தார். அவர் இவரை ஆதரித்து நிலமும் வழங்கினார். அப்பாளையக்காரர் சமணர் அல்லர். வேற்றுச் சமயத்தவர் ஒருவர் வாசல் திறந்ததால்தான் இவ்வரலாற்றுக்குப் பிற்பகுதி உண்டாயிற்று. பாதுகாப்பு உறுதியானதும் கங்கையா உடையார் தமக்கென ஒதுங்கி வாழாமல் சிரவணபெளகுளாவுக்குச் சென்றார். வீரசேனாசாரியரைக் கண்டு உடன் அழைத்துவந்தார். ஒருவர்க்குக் கல்வியும் துறவும் இருந்தன. மற்றவர்க்கு ஊர்த் தொடர்பும் ஆள்வலியும் இருந்தன. இருவரும் சேர்ந்து செஞ்சி நாட்டின் ஊர்கள்தோறும் நடந்தனர்.

அப்பயணமே இவர் வாழ்வின் உச்சம். அவர்கள் சென்றது பகைவர் வீடுகளுக்கு அன்று. நீறு பூசியிருந்த உறவினர் வீடுகளுக்கு. வாசலில் நின்ற துறவியைக் கண்டபோது உள்ளே இருந்தவர் மனம் எவ்வாறு இருந்திருக்கும் என்பதை நாம் உய்த்துணரலாம். கோழைகள் என்று இகழப்படுவோமோ என்னும் நாணம். மீண்டும் பூணூல் அணிந்தால் மீண்டும் வாள் வருமோ என்னும் அச்சம். பிள்ளைகளுக்கு மணம் முடித்தாயிற்றே என்னும் தயக்கம். துறவி தாமே அவர்களைப் போல ஒளிந்து வாழ்ந்தவர். பிடிபட்டவர். அச்சம் இன்னதென்று அறிந்தவர். அவர் சொல்லுக்கு இருந்த வலிமைக்கு ஆகமக் கல்வி பாதிக் காரணம் என்றால் இது மறுபாதி. பலர் மீண்டனர். பள்ளிகளில் வழிபாடு மீண்டும் தொடங்கிற்று.

எல்லோரும் மீளவில்லை. மீளாதவர் நீறுபூசி வேளாளர் என்னும் பெயரால் அறியப்பட்டனர். அப்பெயர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் வழக்கில் இருந்ததை மேற்சொன்ன கெசட்டியர் குறிக்கிறது. மதம் மாறிய யூதரை ஸ்பானியர் பன்றியைக் குறிக்கும் ஓர் இழிசொல்லால் அழைத்தனர். மாறாத யூதர்களுள்ளும் சிலர் அவர்களை மதிக்கவில்லை. நம்மிடையே வழங்கிய பெயர் அத்துணைக் கொடியதன்று; ஆனால் அதிலும் ஒரு விரல்நீட்டல் இருக்கத்தான் செய்கிறது. நெற்றியை மட்டும் சுட்டும் அப்பெயர், அந்நீறு எந்த நாளில் எதற்காகப் பூசப்பட்டது என்பதைச் சொல்வதில்லை. வாளுக்கு முன் நின்ற தாய் ஒருத்தி தன் பிள்ளையின் நெற்றியில் பூசிய நீறு அது. அவள் வழியில் வந்தவர்கள் நமக்கு அயலார் ஆகார்.

பாலாற்றுப் பகுதியில் இன்று வாழும் தமிழ்ச் சமணக் குடும்பங்களுக்கு இவ்வரலாறு தொலைவில் உள்ளதன்று. ஆரணி, வந்தவாசி, திண்டிவனம் பக்கத்துச் சிற்றூர்களிலிருந்து பணியின் பொருட்டு வேலூர்க்கும் இராணிப்பேட்டைக்கும் ஆம்பூர்க்கும் வந்து தங்கியவர் உளர். இங்கே தெருவில் ஒருவர் தம்மைச் சமணர் என்று கூறினால் எதிரே உள்ளவர் அடகுக்கடைச் சேட்டு என்றே கொள்வார். தமிழ் எப்போது கற்றீர்கள் என்று கேட்பாரும் உண்டு. இரண்டாயிரம் ஆண்டுகளாக இம்மொழியில் எழுதியும் பாடியும் வந்தவர்களிடம் கேட்கப்படும் கேள்வி இது. அன்று எள்ளலால் வேற்றாராயினர், இன்று அறியாமையால். 2011 மக்கள்தொகைக் கணக்கின்படித் தமிழகத்தில் சமணர் ஏறத்தாழ 89,000 பேர். அவருள்ளும் தமிழைத் தாய்மொழியாகக் கொண்டோர் ஒரு பகுதியினரே. தெரியாமல் போவதில் வியப்பில்லை.

நீர் வடிக்கும் நியமத்துக்கும் இப்பகுதியில் ஒரு தனிப்பொருள் வந்து சேர்ந்திருக்கிறது. ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைத் தோல் தொழிற்சாலைகளின் கழிவு பாலாற்றிலும் நிலத்தடி நீரிலும் கலந்தமை பற்றிய வழக்கில் 1996 ஆகஸ்டு 28 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தொழிற்சாலை ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் தண்டம் விதித்தது. இத்தொழிலால் வாழ்வோர் பல்லாயிரவர். அவருட் பலர் நம்மைப் போலவே சிறுபான்மையினர். அவர்களை ஒட்டுமொத்தமாகக் குறைகூறுவது, ஒருவன் செயலைச் சமூகத்தின் கணக்கில் எழுதிய செஞ்சி அரசனின் முறையே ஆகும். துணியில் வடித்தால் நுண்ணுயிர் பிழைக்கும். குரோமியம் துணிக்கு அடங்காது. அதற்கு வேறு வகையான விழிப்பு வேண்டும்.

வீரசேனாசாரியர் தம் இறுதிக் காலத்தில் வேலூரிலேயே இருந்தார்; அங்கேயே உடல் நீத்தார். சிரவணபெளகுளாவிலிருந்து அவர் கொண்டுவந்ததாகக் கூறப்படும் பார்சுவநாதர் உலோகத் திருமேனி அவ்வூர்க் கோயிலில் வைத்துப் போற்றப்பட்டது. ஐந்தலை நாகம் குடைபிடிக்க, இடையூறு செய்த கமடனிடம் சினம் கொள்ளாது நின்ற தீர்த்தங்கரர் பார்சுவநாதர். அரசன் ஒருவன் சினத்தால் சிதைந்த நாட்டுக்கு அவருருவம் வந்தது பொருத்தமே.

அவர் மீட்ட சமூகத்தின் தலைமை மேல்சித்தாமூர் மடத்தில் நிலைபெற்றது. மடத்தலைவரைத் தேர்ந்தெடுக்க வீரணாமூர், விழுக்கம், பெரமண்டூர், ஆலகிராமம், வேலூர், தாயனூர் முதலிய ஊர்களின் சார்பாளர் கூடுவது வழக்கமாயிற்று. அத்தேர்தலில் தாயனூர் உடையார் மரபினர் சொல்லுக்குத் தனி மதிப்பு உண்டு. விழாக்களில் முதல் தாம்பூலம் அவர்களுக்கே வழங்கப்பட்டது. ஆசாரியர் துறவி, அவர்க்கு மக்கள் இலர். ஆகவே அவரை அழைத்துவரச் சிரவணபெளகுளாவுக்குச் சென்றவரின் மரபினர்க்கு வெற்றிலையும் பாக்கும் முதலில் சென்றன.